அதிர்நெறி: ஒலி நின்றால் உலகம் உதிரும் என்று ஒரு கற்பனைத் தத்துவம் – இதில் எங்கே ஓட்டை?

கீழ்பவானிக்காரி எழுதியது:

ஒரு மிகுபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். கதை நடக்கும் நாட்டுக்குப் பெயர் வேறு. ஆனால் நம் பக்கத்து ஆட்கள் படித்தால் நொய்யலையும் சென்னிமலையையும் கண்டுபிடித்துவிடுவார்கள். அந்த நாட்டு மக்களுக்கு ஒரு கொள்கை உண்டு; அதற்கு அதிர்நெறி என்று பெயர் வைத்திருக்கிறேன். முழுக்க என் கற்பனை. எந்த மடத்திலும் ஏட்டிலும் இதைத் தேட வேண்டாம்.

கொள்கை இதுதான். மேற்கே மலைத்தொடர் அறுபட்டுக் கிடக்கும் இடம், அதாவது நம்முடைய பாலக்காட்டுக் கணவாய், அவர்களுக்கு நிலத்தின் மிடறு (தொண்டை). ஆடி மாதம் அதன் வழியாகப் பாய்ந்து வரும் காற்றே ஆதி ஒலி. அந்த ஒலி பட்டு அதிர்ந்தவை எல்லாம் பொருள்களாயின. ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு தன்னொலி உண்டு. பாறை பாறையாக நிற்பது அதன் தன்னொலி இன்னும் ஓயாததால்தான். ஓய்ந்தால் பொடியாகிவிடும். ‘கேட்பார்’ என்றொரு கூட்டம் இருக்கிறது. அவர்களால் எந்தப் பொருளின் தன்னொலியையும் காதால் பிடித்து, அதே சுருதியில் குரல் கொடுத்து, அதை வளைக்கவோ உடைக்கவோ முடியும். வற்றிய கிணற்றில் ஊற்றுக்கண்ணைத் திறப்பார்கள். எதிரியின் வாளைப் பிடியோடு உதிர்ப்பார்கள்.

சிக்கல் என்னவென்றால், கேட்பாருக்கு எல்லாமே முடிகிறது. இப்படியே போனால் மூன்றாம் அத்தியாயத்தில் கதை முடிந்துவிடும். கொள்கை எங்கே இடிக்கிறது என்று சொல்லுங்கள். ‘அருமை, தொடருங்கள்’ என்று மட்டும் எழுதிவிட்டுப் போகாதீர்கள்.


தறிக்குடோன் எழுதியது:

ஒலிதான் உலகத்தைச் செய்கிறது என்றால், சோமனூரும் பல்லடமும் இந்நேரம் ஒன்று சொர்க்கமாகியிருக்க வேண்டும், இல்லையென்றால் மாவாகியிருக்க வேண்டும். விசைத்தறிச் சத்தத்தில் பிறந்து வளர்ந்தவன் சொல்கிறேன். அந்தச் சத்தம் எதையாவது மாற்றியது என்றால் என் அப்பாவின் காதைத்தான் மாற்றியது. உட்காதில் இருக்கும் மயிரிழைச் செல்கள் செத்துவிட்டால் மறுபடி முளைப்பதில்லை. இன்று அவரிடம் பேச வேண்டுமென்றால் முகத்துக்கு நேரே போய் நிற்க வேண்டும்.

உங்கள் கேட்பார் எந்த வயதில் செவிடாகிறார்கள்? அதை எழுதுங்கள். வாளை உதிர்க்கும் குரல் பாடுகிறவனின் காதை மட்டும் விட்டுவைக்குமா?

இன்னொன்று. குடோனில் வரிசையாகத் தறிகள் ஓடிக்கொண்டிருக்கும்போது ஏதாவது ஒன்றில் நாடா (ஊடை நூலோடு குறுக்கே ஓடும் கட்டை) பிசகினால், முதுகைக் காட்டி நிற்பவனுக்கும் தெரிந்துவிடும். நாடா பெட்டிக்குள் போய் விழும் அடி கொஞ்சம் தளர்ந்து கேட்கும். மின்சாரம் போய் எல்லாத் தறியும் ஒன்றாக நின்றால், தொட்டிலில் தூங்கும் பிள்ளை திடுக்கிட்டு அழும். சத்தம் நின்றதற்காக விழிக்கிற பிள்ளைகள் இருக்கும் ஊர் எங்களுடையது. இதை வேண்டுமானால் நாவலில் சேர்த்துக்கொள்ளுங்கள்.


ஆய்வுக்கூடம் எழுதியது:

கோபிப் பக்கம் பள்ளியில் இயற்பியல் நடத்துகிறேன். தறிக்காரர் காதைத் தொட்டார், நான் மணலைத் தொடுகிறேன்.

ஜெர்மனியைச் சேர்ந்த எர்ன்ஸ்ட் கிளாட்னி 1787-இல் ஒரு நூல் வெளியிட்டார். மெல்லிய தகட்டின் மேல் மணலைத் தூவி, விளிம்பில் வயலின் வில்லை இழுப்பது அவர் முறை. தகடு கிறீச்சென்று பாடும். மணல் துள்ளி ஓடிக் கோடுகளாகவும் நட்சத்திரங்களாகவும் சேரும். சுருதி மாறினால் கோலம் மாறும். ‘ஒலி வடிவத்தைப் படைக்கிறது’ என்று இணையத்தில் வரும் காணொளிகளில் பாதி இதைக் காட்டித்தான் வருகின்றன.

வகுப்பில் இதைச் செய்து காட்டிவிட்டு ஒன்றே ஒன்று கேட்பேன். மணல் சேர்ந்திருப்பது தகடு ஆடுகிற இடத்திலா, ஆடாத இடத்திலா? முக்கால்வாசிப் பிள்ளைகள் ஆடுகிற இடம் என்பார்கள். கிடையாது. ஆடுகிற இடம் மணலை உதைத்துத் தள்ளிவிடுகிறது. தகடு அசையாமல் இருக்கும் கணுக்கோடுகளில்தான் மணல் ஒதுங்குகிறது. கண்ணுக்குத் தெரியும் கோலம் முழுவதும் அசையாத இடங்களின் வரைபடம்.

இரண்டாவது, கோலத்தைத் தீர்மானிப்பது சுருதி மட்டுமல்ல. தகடு சதுரமா வட்டமா, எங்கே பிடித்திருக்கிறோம், விளிம்பில் விரல் எங்கே தொட்டுக்கொண்டிருக்கிறது என்பதெல்லாம் சேர்ந்துதான் தீர்மானிக்கின்றன. விரலை நகர்த்தினால் அதே தகட்டில் வேறு கோலம் வரும். ஆகவே உங்கள் கேட்பாருக்குக் குரல் போதாது. பொருளைச் சரியான இடத்தில் அசையாமல் பிடிக்க ஒரு கை வேண்டும். பாடுகிறவன் ஒருவன், பிடிக்கிறவன் இன்னொருவன் என்று வைத்தால் உங்கள் மூன்றாம் அத்தியாயச் சிக்கல் பாதி தீர்ந்தது.


சித்தாந்தப் பித்தன் எழுதியது:

கற்பனை, கற்பனை என்று சொல்லிக்கொண்டு வீட்டுச் சொத்தைப் புதிதாக வாங்கியதுபோல் காட்டுகிறீர்கள். சுத்தமாயை என்னும் தூய மூலப்பொருளிலிருந்து நாதம் என்னும் நுண்ணொலி, நாதத்திலிருந்து விந்து என்னும் அடுத்த தத்துவம் என்று சைவ சித்தாந்தம் எப்போதோ வகுத்துவிட்டது. வாக்கு, அதாவது சொல்லின் நிலை, நுண்மையிலிருந்து பருமைக்கு நான்கு: சூக்குமை, பைசந்தி, மத்திமை, வைகரி. மயில் முட்டையின் நீருக்குள் தோகையின் நிறமெல்லாம் பிரியாமல் அடங்கியிருப்பதுபோல் பைசந்தியில் எழுத்துகள் அடங்கியிருக்கும். மத்திமையில் அவை உள்ளுக்குள் வரிசைப்படும். வைகரியில்தான் பிறர் காதுக்கு எட்டும்.

கவனியுங்கள்: காதில் விழும் ஓசை இந்த வரிசையில் கடைசி, அதுவே எல்லாவற்றிலும் பருமையானது. உங்கள் அதிர்நெறி அதைத் தூக்கி முதலில் வைக்கிறது. தலைகீழ்.


நலம்வாழி எழுதியது:

நண்பர்களே, இது கற்பனை இல்லை, நிரூபிக்கப்பட்ட அறிவியல். சூரியனிலிருந்து ஓங்கார ஒலி வருவதை நாசாவே பதிவு செய்திருக்கிறது. காணொளி என்னிடம் இருக்கிறது, வேண்டுவோருக்கு அனுப்புகிறேன்.


ஆய்வுக்கூடம் எழுதியது:

அனுப்ப வேண்டாம், எல்லோருடைய குடும்பக் குழுவிலும் அது ஏற்கெனவே வந்துவிட்டது. சூரியனுக்கும் நமக்கும் நடுவே ஒலியைச் சுமந்து வரக் காற்று இல்லை. சூரியனின் மேற்பரப்பு ஏறி இறங்குவது உண்மை. ஒரு தரம் ஏறி இறங்கச் சுமார் ஐந்து நிமிடம் ஆகிறது. நம் காதுக்குக் குறைந்தது வினாடிக்கு 20 அதிர்வு வேண்டும். அந்த அளவீடுகளைப் பல்லாயிரம் மடங்கு வேகப்படுத்தி ஆராய்ச்சியாளர்கள் காதுக்குக் கேட்கும்படி செய்தார்கள். கேட்பது ஒரு ரீங்காரம். அதில் மந்திரத்தைக் கேட்பது கேட்கிறவரின் விருப்பம்.

அம்மணி தன் கதையைக் கதை என்று சொல்லித்தான் விற்கிறார். அதனால்தான் இங்கே பேச எனக்கு விருப்பமாக இருக்கிறது.


கீழ்பவானிக்காரி எழுதியது:

பித்தன் ஐயா, நாதமும் விந்தும் எனக்குத் தெரியும். என் பாட்டி பேரூரில் சொற்பொழிவு கேட்கப் போகும்போதெல்லாம் என்னையும் இழுத்துக்கொண்டு போவார். அங்கே ஒலிக்குப் பின்னால் ஒரு முதல்வன் இருக்கிறான். என் நாட்டில் ஒலிக்குப் பின்னால் யாரும் இல்லை, வெறும் காற்றுதான். வேண்டுமென்றுதான் அப்படி வைத்தேன். யாரிடமும் முறையிட முடியாத ஒரு உலகத்தில் மனிதர்கள் எப்படி நடந்துகொள்வார்கள் என்பது என் அக்கறை.

ஆய்வுக்கூடம் சொன்ன ‘பிடிக்கிறவன்’ என்னைத் தூங்க விடாது போலிருக்கிறது.


பழைய வாத்தியார் எழுதியது:

தாராபுரத்திலிருந்து எழுதுகிறேன். அம்மணி, நிலத்துக்கு மிடறு வைத்தீர்கள் அல்லவா, அதைக் கடைசிவரைக்கும் கொண்டுபோங்கள். தொல்காப்பியர் பிறப்பியலில் எழுத்தொலி பிறக்கும் வழியைச் சொல்லும்போது, கொப்பூழிலிருந்து காற்று எழுந்து தலையிலும் மிடற்றிலும் நெஞ்சிலும் நின்று, பிறகு பல்லும் இதழும் நாவும் மூக்கும் அண்ணமும் பொருந்தி ஒலியாகிறது என்கிறார். உங்கள் நாட்டுக்கு மிடறு கணவாய். நெஞ்சு எது? பல் எது? காற்று கணவாயைத் தாண்டிக் கேத்தனூர், பூளவாடிப் பக்கம் சமவெளியில் பரந்து ஓடுகிறது. இன்று காற்றாலைகள் நிற்கும் இடம் அது. அங்கே சென்னிமலை பல்லா, சிவன்மலை நாவா? வரைபடம் தானாகவே உருவாகும்.

அந்த இயலின் முடிவு இன்னும் சுவையானது. உள்ளே எழும் காற்றின் இசையை அளந்து சொல்வது அந்தணர் மறையின் வேலை, நான் அதைச் சொல்லவில்லை, வெளியே வந்து இசைக்கும் காற்றுக்கே இங்கே அளவு சொன்னேன் என்று ஆசிரியர் கோடு கிழித்துவிடுகிறார். பித்தன் சொல்கிற உள்ளொலிக்கும் நீங்கள் சொல்கிற வெளியொலிக்கும் நடுவில் இரண்டாயிரம் ஆண்டுகளாகவே ஒரு வேலி இருக்கிறது. உங்கள் நாட்டிலும் அகவளியார், புறவளியார் என்று இரண்டு கட்சியை வையுங்கள். சண்டை போடட்டும். கட்சி இல்லாத தத்துவம் எங்கேயாவது உண்டா?


நாகமலை அடிவாரம் எழுதியது:

இத்தனை பேசிவிட்டு அறச்சலூரை யாரும் தொடவில்லையே! ஈரோட்டிலிருந்து காங்கயம் போகும் வழியில், நாகமலைக் குகைப் பாறையில், தமிழி (தமிழ்-பிராமி) எழுத்தில் இப்படி வெட்டியிருக்கிறது:

த தை தா தை த
தை தா தே தா தை
தா தே தை தே தா
தை தா தே தா தை
த தை தா தை த

இடமிருந்து வலம், வலமிருந்து இடம், மேலிருந்து கீழ், கீழிருந்து மேல், எப்படிப் படித்தாலும் அதுதான். கி.பி. முதல் சில நூற்றாண்டுகளைச் சேர்ந்தது. ஆடற் சொற்கட்டு என்பவர்கள் உண்டு, இசைக் குறிப்பு என்பவர்களும் உண்டு. எதுவானாலும் ஓசையைத் தவிர வேறு பொருள் இல்லாத ஒன்றை ஒருவர் உட்கார்ந்து கல்லில் வெட்ட வைத்திருக்கிறார். பக்கத்திலேயே பெயரும் இருக்கிறது: மணிய வண்ணக்கன் தேவன் சாத்தன். இந்த எழுத்துகளைச் சேர்த்தமைத்தவர் அவர். வண்ணக்கன் என்றால் மணியையும் காசையும் சோதித்துத் தரம் சொல்கிறவர். நொய்யல் கரையில் கொடுமணல் இருக்கிறது, அங்கே மணிகள் செய்த பட்டறைகள் அகழாய்வில் கிடைத்திருக்கின்றன. அந்த வட்டாரத்தில் அப்படி ஒரு தொழில்காரர் இருந்ததில் வியப்பில்லை.

இனி என் கற்பனை. காசைச் சுண்டிக் காதால் தரம் பார்க்கிற ஒருவர்தான் உங்கள் நாட்டின் முதல் கேட்பார். நான்கு பக்கமும் ஒரே மாதிரி திரும்பி வரும் ஓசையை அவர் ஏன் வெட்டினார்? எந்தத் திசையில் கசிந்தாலும் தன்னிடமே திரும்பி வரும் ஒலி ஓயாது என்பதற்காக. உலகம் உதிராமல் இருக்க அவர் கட்டிய காப்பு அது. கட்டத்தின் நட்ட நடுவில் ஒரு ‘தை’ இருக்கிறது பாருங்கள், எப்படித் திருப்பினாலும் இடம் மாறாமல். ஆய்வுக்கூடம் சொல்கிற கணு அதுதான்!


கல்லும் உளியும் எழுதியது:

திருமுருகன்பூண்டியில் சிற்ப வேலை. கல்லைத் தட்டாமல் நாங்கள் விலை பேச மாட்டோம். சுத்தியலால் ஒரு தட்டு. மணி அடித்ததுபோல் கணீரென்று நீண்டு வந்தால் மூலவருக்கு ஆகும், ஆண் கல் என்போம். தாளம் போட்டதுபோல் வந்தால் பெண் கல், அம்மன் சிலைக்கு. ஓசையே எழாமல் மொத்தென்று விழுந்தால் அது அடியில் போடத்தான் ஆகும். உள்ளே கண்ணுக்குத் தெரியாத விரிசல் ஓடியிருந்தால் ஓசை பாதியில் அறுந்து கரகரக்கும். அந்தக் கல்லை எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் தொட மாட்டோம். மூக்கு செதுக்கும் அன்று முகம் பிளந்துகொள்ளும்.

என் மறுப்பு எளிது. தட்டு கல்லை உண்டாக்கவில்லை, கல்லுக்குள் என்ன இருக்கிறது என்று சொல்கிறது. அவ்வளவுதான். சிலையைச் செய்தது ஓசையா, என் கையா? ஓசைதான் என்றால் என் தோள்பட்டை வலிக்கு யார் பதில் சொல்வது?

அப்புறம், ஓசை வராத கல்லும் கோயிலில்தான் இருக்கிறது. மேலே இருப்பதையெல்லாம் தாங்கிக்கொண்டு. உங்கள் கொள்கைப்படி அது எப்போதோ பொடியாகியிருக்க வேண்டும்.


தெற்குவளவு எழுதியது:

எல்லாவற்றையும் படித்தேன். ஒருவர்கூடக் கேட்காத ஒன்றைக் கேட்கிறேன். உலகத்தைப் பிடித்துவைத்திருக்கும் அந்த ஒலியை எழுப்புகிறவனுக்கு அந்த நாட்டில் எந்த வளவில், அதாவது ஊரின் எந்தக் குடியிருப்பில், வீடு?

நாங்கள் பறை அடிக்கிற குடும்பம். கோயில் திருவிழாவுக்குக் கம்பம் நட்டதும் நாங்கள் வந்தால்தான் ஆட்டம். சாவு விழுந்தாலும் நாங்கள் வந்தால்தான் எடுப்பார்கள். எங்கள் அடி இல்லாமல் ஊரில் நல்லதும் நகராது, கெட்டதும் நகராது. அதிர்நெறி இதுதானே? அத்தனை இருந்தும் என் தாத்தா கோயில் வாசலுக்கு வெளியே நின்று அடித்தார். சாமிக்கு அவர் ஓசை உள்ளே போகலாம், அவர் போகக் கூடாது. கூலி முறத்தில் வந்தது.

பறையைப் பற்றி எழுதுவதென்றால் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். பனி இறங்கும் நேரம் தோல் தளர்ந்துவிடும், பறை ஊமையாகும். வைக்கோலைக் கொளுத்தி, அனலில் முகத்தைக் காட்டி, திருப்பித் திருப்பிக் காய்ச்ச வேண்டும். விரலால் சுண்டினால் ‘டிண்’ என்று வர வேண்டும். அதிகம் காய்ந்தால் அடிக்குச்சி பட்ட இடத்தில் கிழிந்துவிடும். இராத்திரி முழுவதும் ஒருவன் அடித்தால் இன்னொருவன் நெருப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பான். ஆய்வுக்கூடம் ‘பிடிக்கிறவன்’ என்று சொன்னாரே, அவனைக் கணக்கில் சேர்த்தவர் யார்? உங்கள் கேட்பாருக்கு நெருப்பு மூட்டிக் கொடுப்பது யார்?


சித்தாந்தப் பித்தன் எழுதியது:

கற்பனைக் கதையிலுமா சாதி? தத்துவத்தைத் தத்துவமாகப் பேசக் கூடாதா?


தெற்குவளவு எழுதியது:

பேசலாம். அகவளி மறைக்கு, புறவளி மற்றவர்க்கு என்று வேலி போட்டதை மேலே படித்தீர்களே, அதுவும் தத்துவம்தானே ஐயா.


மட்டுறுத்துநர் எழுதியது:

இதற்குக் கீழே வந்த சில பதிவுகளை நீக்கியிருக்கிறேன். தெற்குவளவின் கேள்வி இழையின் தலைப்புக்குள்தான் வருகிறது. அதற்குப் பதில் எழுதுங்கள், அவருக்கு எழுதாதீர்கள்.


வெள்ளோட்டு நாரை எழுதியது:

சிறு குறிப்பு. எங்கள் வெள்ளோடு பறவைகள் சரணாலயத்தைச் சுற்றி இருக்கும் ஊர்களில் தீபாவளிக்குப் பட்டாசு வெடிப்பதில்லை. பறவைகள் மிரண்டு கூட்டை விட்டுப் போய்விடும் என்பதற்காகப் பல ஆண்டுகளாகவே அப்படித்தான். பிள்ளைகள் மத்தாப்பு கொளுத்துவதோடு சரி. சத்தம் போடாமல் இருந்ததால் நிலைத்த ஒன்றைக் காட்டச் சொன்னால் நான் ஏரியைக் காட்டுவேன். உங்கள் நாட்டில் ஒலி எழுப்பாதவர்களும் எதையாவது பிடித்துவைத்திருக்கிறார்களா?


சத்திக்காட்டான் எழுதியது:

கேட்பார் என்ற பெயரே கொஞ்சம் திமிராகத் தெரிகிறது. யானைகள் வினாடிக்கு 20 அதிர்வுக்கும் கீழே பேசிக்கொள்கின்றன, அது நம் காதில் விழாது. கேட்டி பெய்ன் என்ற ஆய்வாளர் 1980-களில் ஒரு விலங்குக்காட்சிச் சாலையில் யானைகளுக்குப் பக்கத்தில் நின்றபோது காற்று துடிப்பதைத் தேகத்தில் உணர்ந்து, பிறகு பதிவு செய்து உறுதிப்படுத்தினார். அந்த ஒலி கிலோமீட்டர் கணக்கில் போகும்.

திம்பம் மலைப்பாதையில் ஒரு கூட்டம் சாலையைக் கடக்க நின்றபோது, ஜீப்பின் இயந்திரத்தை நிறுத்திவிட்டுக் காத்திருந்தோம். சத்தம் என்று எதுவும் இல்லை. ஆனாலும் தள்ளி மேய்ந்துகொண்டிருந்த குட்டியும் தாயும் ஒரே நேரத்தில் திரும்பி வந்து சேர்ந்துகொண்டன. யாரோ கூப்பிட்டிருக்க வேண்டும். உங்கள் மனிதர்கள் உலகத்தைப் பிடித்துவைத்திருப்பதாகச் சொல்லிக்கொள்ளட்டும். காட்டுக்குள் அதைக் கேட்டு யானைகள் என்ன நினைக்கும் என்று ஒரு பக்கமாவது எழுதுங்கள்.


கீழ்பவானிக்காரி எழுதியது:

எல்லோருக்கும் சேர்த்துப் பதில்.

ஒலிதான் ஆக்குகிறது என்பதை விட மாட்டேன், அதை நம்பித்தான் அந்த நாடு நடக்கிறது. ஆனால் ‘தட்டு கல்லை உண்டாக்கவில்லை, சொல்கிறது’ என்பதை ஒரு சிற்பியின் வாயில் வைக்கப் போகிறேன். அவள் அதற்காக ஊரைவிட்டு விலக்கப்படுவாள். அகவளியார், புறவளியார் கட்சிகளும் உண்டு. ஆனால் அந்த வேலியைப் போட்டவர்கள் யார் என்பதையும் கதை கேட்கும்.

புது விதி: கேட்பார் பாடினால் பொருள் துள்ளும், உருவம் கொள்ளாது. உருவம் பிடிப்பது அசையாத இடத்தில். அந்த இடத்தில் கை வைத்திருப்பவர்களுக்குப் ‘பிடிப்பார்’ என்று பெயர். நெருப்புக்குப் பக்கத்தில் உட்காருகிறவர்கள் அவர்கள். பெயர் கல்வெட்டில் வராது. அவர்களுக்கு வீடு தெற்கு வளவில். பாடி முடித்த கேட்பாருக்குக் காது போகும், பிடிப்பாருக்கு விரல் மரத்துப்போகும். காது போனவர்களுக்கு மானியம் உண்டு, விரல் போனவர்களுக்கு இல்லை.

இனி நடுக்கதை. அண்ணன்மார் சாமி (பொன்னர், சங்கர்) கோயில்களில் படுகளம், அதாவது அவர்கள் களத்தில் மாண்டதை நடத்திக் காட்டும் சடங்கு, பார்த்திருப்பீர்கள். உடுக்கைப் பாட்டு உச்சத்துக்குப் போகும்போது ஆட்கள் அருள் வந்து பிணமாய் விழுவார்கள், வெள்ளைத் துணி போர்த்துவார்கள், அவர்களுடைய தங்கை தங்காள் வந்து எழுப்புவாள். என் நாட்டிலும் அப்படி ஒரு நாள் உண்டு. விழுவதும் ஒலியால், எழுவதும் ஒலியால். அந்த ஆண்டு விழ வேண்டியவர்கள் விழுந்த பிறகு, பிடிப்பார் நெருப்பை அணைத்துவிட்டு எழுந்து போகிறார்கள். பனி இறங்குகிறது. தோல் ஊமையாகிறது. மேலைத்தெருப் பிள்ளைகள் களத்தில் துணிக்கடியில் கிடக்கிறார்கள். விடிவதற்குள் எழுப்பாவிட்டால் எழ மாட்டார்கள் என்பது நெறி. பிடிப்பார் என்ன கேட்பார்கள், ஊர் எதைக் கொடுக்கும் என்பதுதான் மீதிக் கதை.


ஆய்வுக்கூடம் எழுதியது:

இப்போது இதற்கு விதி இருக்கிறது. மரத்த விரலுக்கு மானியம் இல்லை என்ற இடம் பலே.


தறிக்குடோன் எழுதியது:

எல்லாம் சரி அம்மணி, ஒரே ஒரு சந்தேகம். பேச்சுவார்த்தை முடிவதற்குள் விழுந்து கிடக்கிற ஒருவனுக்குக் குளிர் எடுத்து, துணியை உதறிவிட்டு எழுந்து வீட்டுக்குப் போய்விட்டால்? பறையும் இல்லை, பாட்டும் இல்லை, ஆனாலும் எழுந்துவிட்டான். அப்போது உங்கள் அதிர்நெறி என்ன ஆகும்?


தெற்குவளவு எழுதியது:

போகட்டுமே. அடுத்த ஆண்டு விழுவதற்கு எத்தனை பேர் வருகிறார்கள் என்று பார்ப்போம்.